லாரி கொண்டுவந்த பாலைவனப் பூ

போன மாதம் அம்பத்தூரிலிருந்து நிவேதா போன் செய்தாள். நான் ஓய்வு பெற்ற ஏர் ஃபில்டர் கம்பெனியில், என்னுடைய பழைய சோதனைப் பிரிவில் இப்போது வேலை பார்க்கிற பெண். "அங்கிள், தூசியைத் தானே எடை போட்டு, தானே ரிப்போர்ட் அடிக்கிற மெஷின் வந்துடுச்சு. உங்க காலத்து மணல் ட்ரே எல்லாத்தையும் பழைய இரும்புக்குப் போடச் சொல்லிட்டாங்க. ஒரு ட்ரேயில மட்டும் சிவப்பு பெயிண்ட்ல 'இதற்கு யாரும் தண்ணீர் ஊற்றக் கூடாது'ன்னு எழுதியிருக்கு. மணலுக்கு யாராவது தண்ணி ஊத்துவாங்களா?" என்று கேட்டாள்.

ஊற்றினார்கள் அம்மா, போட்டி போட்டுக்கொண்டு ஊற்றினார்கள். போனில் சொல்ல ஆரம்பித்தால் உன் சாப்பாட்டு நேரம் போய்விடும், எழுதியே அனுப்புகிறேன் என்றேன். "கரண்ட் பில் கட்டச் சொன்னா கண்ணாடியக் காணோம்பீங்க, இதுக்கு மட்டும் கண்ணாடி கிடைச்சிடுச்சா?" என்கிறாள் என் மனைவி. அவள் சொல்வதும் நியாயம்தான்.

நான் படித்தது ஐ.டி.ஐ. ஃபிட்டர். கோவில்பதாகையிலிருந்து சைக்கிளை மிதித்துக்கொண்டு அம்பத்தூர் எஸ்டேட்டில் ஏறாத வாசல் இல்லை. ஒரு பட்டறையில் ஸ்பேனர் எடுத்துக் கொடுத்தேன், இன்னொன்றில் தகரம் அழுத்துகிற பிரஸ் ஓட்டினேன், கடைசியில் இந்தக் கம்பெனியில் வந்து ஒட்டிக்கொண்டேன். லாரி, பஸ், டிராக்டர் எல்லாவற்றுக்கும் ஏர் ஃபில்டர் செய்கிற இடம். இன்ஜின் மூச்சு விடும்போது தூசி உள்ளே போகாமல் தடுக்கிற மூக்கு அது. மடிப்பு மடிப்பாகக் காகிதம், இரண்டு பக்கமும் தகரத் தட்டு, நடுவில் பசை. சொன்னால் இவ்வளவுதான். செய்து பார்த்தால்தான் தெரியும்.

மற்றவர்கள் ஃபில்டர் செய்தார்கள், நான் அறுத்தேன். எங்கேயோ ஓடிவிட்டுத் திரும்பி வந்த ஃபில்டரைப் பிரித்து, எவ்வளவு தூசி, என்ன தூசி, எந்த வழியாகப் போயிருக்கிறது என்று பார்ப்பது என் வேலை. ஃபில்டர் ஒட்டுகிற லைனில் இருந்த பெண்கள் எனக்கு டாக்டர் என்று பேர் வைத்தார்கள். பெருமைப்பட்டுக்கொண்டேன். செத்ததை அறுக்கிற டாக்டர் என்று அவர்களுக்குள் சொல்லிச் சிரித்தது பிறகுதான் தெரிந்தது.

எங்கள் பிரிவுக்குத் தலைவர் வேதாசலம் சார். தஞ்சாவூர்ப் பக்கம். வண்டி உள்ளே வந்ததும் கைகள் இரண்டையும் பின்னால் கட்டிக்கொண்டு அதைச் சுற்றி வருவார். எதையும் தொடமாட்டார். அப்புறம் குனிந்து வண்டியிடமே பேசுவார்: "சொல்லு, எங்கெல்லாம் போயிட்டு வந்தே? யாரு உன்ன இப்படி ஓட்டினது?" புதிதாகச் சேர்ந்தவர்கள் மனிதருக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பயப்படுவார்கள். எங்களுக்குப் பழகிவிட்டது. மனிதர்களிடம் அவர் அவ்வளவு பேசியதில்லை. பாராட்ட வேண்டிய இடம் வந்தால் "இருக்கட்டும்" என்பார். நாங்கள் அந்த ஒரு சொல்லை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்ப் பலகாரம் கொடுத்தது போலச் சொல்லிக்கொள்வோம்.

அவருடைய முறை இது. வண்டியைக் கழுவக் கூடாது. முதலில் வண்டிக்கு அடியில் ஓடுகிற சேஸ் சட்டத்தின் பள்ளத்தில் தங்கியிருக்கிற மண்ணைப் பிரஷ்ஷால் ட்ரேயில் வழிக்க வேண்டும். அப்புறம் ரேடியேட்டர் வலையில் சிக்கியது. கடைசியில்தான் ஃபில்டர். ஒவ்வொன்றும் தனித் தட்டு, ஒவ்வொரு தட்டிலும் வண்டி எண். ரிப்போர்ட்டில் எல்லாரும் கையெழுத்துப் போடும்வரை ஒரு சிட்டிகை மண்ணைக்கூட வெளியே கொட்டக் கூடாது. எங்கள் சோதனைக் கூடத்துக்குப் பின்னால் இருந்த தகரக் கொட்டகை முழுக்க ஊர் ஊராக மண் அடுக்கியிருக்கும். ஆந்திரத்துச் சுண்ணாம்புத் தூசி, விழுப்புரத்துச் செம்மண், நெல் அறுவடை டிராக்டரின் உமி. ஒரு பஸ் ஃபில்டரைத் திறந்தபோது பல்லி முட்டை இருந்தது. "இதையும் எடை போடணுமா சார்?" என்று கேட்டேன். "வண்டியில வந்ததுதானே?" என்றார். போட்டேன்.

இனி அந்த லாரி விஷயத்துக்கு வருகிறேன்.

லாரி செய்கிற ஒரு கம்பெனி, புது மாடல் ஒன்றை ராஜஸ்தான் பாலைவனத்துக்கு ஓட்டிப் பார்க்க அனுப்பியது. ஃபில்டர் எங்களுடையது. ஆவணியில் போன வண்டி புரட்டாசியில் இன்ஜின் தேய்ந்து, இன்னொரு வண்டியின் முதுகில் ஏறித் திரும்பி வந்தது. ஃபில்டரின் காகிதம் தகரத் தட்டை விட்டுப் பிய்ந்திருந்தது. அந்த வழியாக மணல் உள்ளே போய் இன்ஜினைத் தின்றிருக்கிறது. "உங்க பசை விட்டுப்போச்சு" என்றார் அவர்களுடைய அதிகாரி. சின்ன வயசு, இஸ்திரி கலையாத சட்டை. "வண்டி நெடுஞ்சாலைய விட்டு இறங்கவே இல்லை. அப்புறம் எப்படிப் பிய்யும்?"

அந்த ஃபில்டரை ஒட்டியது செல்வி. பட்டாபிராமிலிருந்து ரயிலில் வருகிறவள். பசை லைனுக்கு அவள்தான் தலைவி. விரல் நுனியில் பசை காய்ந்து காய்ந்து ரேகையே இல்லாமல் போனதால், வருகைப் பதிவு மெஷின் அவள் கையைக் கண்டாலே சிவப்பு விளக்கு போடும். அவளும் அதைத் தினமும் ஒரு திட்டு திட்டிவிட்டுத்தான் உள்ளே வருவாள். இப்போது தவறு என்னுடையது என்று எழுதிக் கையெழுத்துப் போடச் சொல்லி நிர்வாகம் அவளைக் கூப்பிட்டது.

"நான் இன்னாத்துக்குப் போடணும்? நான் ஒட்டுனா அது ஒட்டுனதுதான். வேணுன்னா என்னப் பிச்சிப் பாருங்க, அத்தப் பிக்க முடியாது" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டாள். அவளை லைனிலிருந்து எடுத்து, விசாரணை முடியும்வரை பேக்கிங்கில் அட்டைப்பெட்டி மடிக்க உட்கார வைத்தார்கள். பழி உறுதியானால் வேலையே போகும் என்பது எல்லாருக்கும் தெரியும். கேன்டீனில் எப்போதும் அவள் சத்தம்தான் பெரிசாகக் கேட்கும். அந்த நாட்களில் டிபன் பாக்ஸைத் திறக்கிற சத்தம்கூடக் கேட்கவில்லை. எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை, அதைச் சொல்வதற்கு என்ன வெட்கம்?

பசை தானாக விட்டால் ஒரு மாதிரி பிய்யும். அளவுக்கு மீறிய மணல் அடைத்து, இன்ஜின் மூச்சுக்குத் தவித்து இழுத்தால் வேறு மாதிரி பிய்யும். இது இரண்டாவது என்று எனக்கும் சாருக்கும் பட்டது. பட்டால் போதுமா? அவ்வளவு மணலை அந்த ஃபில்டர் குடித்தது என்று காட்ட வேண்டும். அந்தக் கம்பெனி ஒர்க்ஷாப்பில் யாரோ புண்ணியவான் ரேடியேட்டரையும் ஃபில்டரையும் தட்டி, காற்றடித்து, சுத்தமாகத் துடைத்து அனுப்பியிருந்தான். மிச்சம் இருந்தது சேஸ் பள்ளத்து மண் மட்டும்தான். அதை நான் ட்ரேயில் வழித்து வைத்திருந்தேன். எடை போடுவதற்கு முந்தின நாள் ஐப்பசிப் புயல் வந்து கொட்டகைத் தகரத்தைக் கொரட்டூர் பக்கம் தூக்கிப் போட்டது. காலையில் போய்ப் பார்த்தால் அத்தனை ட்ரேயும் கஞ்சித்தட்டு.

வேதாசலம் சார் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு அந்தத் தட்டைச் சுற்றி வந்தார். "நனைஞ்ச மண்ணோட எடைய எவன் ஒத்துக்குவான்?" என்றார். என்னிடமா மண்ணிடமா என்று தெரியவில்லை. ஆனாலும் ரிப்போர்ட் முடியவில்லையே, மண்ணைக் கொட்டக் கூடாதே! தட்டு அப்படியே வெயிலில் கிடந்தது.

ஒரு வாரத்துக்கெல்லாம் அதில் ஒரு முளை வந்தது. இரண்டே இலை. ஒவ்வொன்றும் நடுவில் கத்தரித்த மாதிரி, காற்சட்டைக்கு இரண்டு கால் இருப்பதைப் போல. அம்பத்தூரில் முளைக்கிற எந்தக் களையும் இந்த முகம் கொண்டதில்லை. போட்டோ பிடித்து என் மகள் கவிதாவுக்கு அனுப்பினேன். அவள் கல்லூரியில் தாவரவியல் சொல்லிக்கொடுக்கிற மெஹருன்னிசா மேடத்திடம் அதைக் காட்டியிருக்கிறாள். மேடம் பூந்தமல்லிக்காரர். மறுநாளே ஆட்டோ பிடித்து எங்கள் கம்பெனி வாசலில் வந்து இறங்கிவிட்டார்.

கவிழ்த்துப் போட்ட பெயிண்ட் வாளியில் உட்கார்ந்து, லென்ஸை வைத்து அதையே பார்த்துக்கொண்டிருந்தார். "கவிதா அப்பா, கொரட்டூர் ஏரியில ஊதாப் பூவா நெய்வேலிக் காட்டாமணக்கு நிக்குதே, பார்த்திருக்கீங்களா? சர்க்கரைவள்ளி, வள்ளைக்கீரை எல்லாம் அந்தக் குடும்பம்தான். இது அதுங்களுக்குப் பங்காளி. ஆனா எந்தப் பங்காளின்னு பூ வந்தாத்தான் சொல்ல முடியும்" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "நான் நினைக்கிறதுதான்னா, இத தேடி ரெண்டு தடவ அந்தப் பாலைவனத்துக்கே போயிருக்கேன். ஒட்டகம் பார்த்தேன், கானல் பார்த்தேன், இத மட்டும் பாக்கல" என்றார்.

"அது எங்க மேடம் வளரும்?" என்று கேட்டார் வேதாசலம் சார்.

"ரோட்டோரத்துல வளராது சார். உள்ள, நிலையா நிக்கிற மணல்மேட்டுல மட்டும்தான். விதை கனம். காத்துல பறக்காது. தாய்ச்செடி காலடியிலயே விழும்."

சார் முதல்முறையாகக் கையை முன்னால் கொண்டுவந்தார். அவருக்குப் புரிந்துவிட்டது. எனக்குக் கொஞ்சம் நேரம் ஆனது. அந்தச் செடி அதுதான் என்றால் லாரி நெடுஞ்சாலையை விட்டு இறங்கியிருக்கிறது, மணல்மேட்டுக்கே போயிருக்கிறது. செல்வியின் வேலை இப்போது ஒரு பூவின் கையில் இருந்தது. பசையும் பிழைக்கும், அவளும் பிழைப்பாள்.

சார் அன்றைக்கே அந்தக் கம்பெனிக்குத் தகவல் அனுப்பினார்: மாதிரி வளர்ந்துகொண்டிருக்கிறது, பூத்த பிறகு ரிப்போர்ட் தரப்படும். அந்த அதிகாரி போனில் சிரித்த சிரிப்பு எனக்கே கேட்டது. கடைசியில் பொங்கல் கழித்து ஒரு கூட்டம், அதற்கு மேல் தள்ளிப்போட முடியாது என்று சொல்லிவிட்டார்.

செடியால் செல்விக்கு விடிவு என்று கம்பெனி முழுக்கப் பரவிவிட்டது. நம் ஆட்களுக்குப் பாசம் வந்தால் முதலில் கையில் எடுப்பது தண்ணீரைத்தான். வாசல் செக்யூரிட்டி வரும்போது ஒரு பாட்டில். பிரஸ் மெஷின் ஆட்கள் டீ குடித்துவிட்டு டம்ளர் கழுவிய தண்ணீர். கேன்டீன்காரர் அரிசி களைந்த தண்ணீர், சத்து என்று சொல்லி. ஒவ்வொருவரும் தான் ஒருவர்தான் ஊற்றுகிறோம் என்று நினைத்து, மற்றவர்களுக்குத் தெரியாமல் ஊற்றினார்கள். நானும் ஊற்றினேன், நான் மட்டும் என்ன கல்லா? இலை மஞ்சள் பூத்துத் தலை சாய்ந்துவிட்டது. மேடம் வந்து பார்த்துவிட்டு, "பாலைவனத்துக் குழந்தைய ஏரியில முக்கி வச்சிருக்கீங்களே!" என்று கத்தினார்.

அன்று சார் தன் கையாலேயே சிவப்பு பெயிண்ட்டை எடுத்து அந்தத் தட்டில் எழுதினார். நிவேதா பார்த்தது அதைத்தான். செடியைச் சுற்றிக் கயிறு கட்டினார். கேன்டீன்காரரைக் கூப்பிட்டு, "உங்க சத்து எங்களுக்குப் போதும், அதுக்கு வேணாம்" என்றார். அவர் கோபித்துக்கொண்டு ஒரு வாரம் எங்கள் பிரிவுக்கு வடை குறைவாகக் கொடுத்தார். மார்கழி வெயிலில் மண் காய்ந்து வெடித்தது. எங்களுக்கெல்லாம் மனசு அடித்துக்கொண்டது. அதற்கோ அதுதான் வேண்டியிருந்திருக்கிறது. தண்டு மணலோடு மணலாகப் படர்ந்து, கட்டைவிரல் நகம் அளவுக்குச் சாம்பல் நிற இலைகளை விட்டது. தொட்டால் எலிக்குட்டி முதுகு மாதிரி மெத்தென்று முடி. பொங்கலுக்கு முன்னால் மொட்டுகூட வைத்துவிட்டது. ஆனால் விரியவில்லை. பொங்கல் லீவில் நான் மட்டும் கரும்பைக் கடித்துக்கொண்டே தினம் போய் எட்டிப் பார்த்துவிட்டு வந்தேன்.

கூட்டத்தைக் காலையில் முதல் வேலையாக வைத்துக்கொண்டார் சார். இந்தக் குடும்பத்துப் பூ விடிகாலையில் விரிந்து வெயில் ஏறினால் சுருங்கிவிடும் என்று மேடம் சொல்லியிருந்தார். நான் எல்லாருக்கும் முன்னால் போனேன். கொட்டகைக் கதவைத் திறந்தேன். விரிந்திருந்தது! ரூபாய்க் காசு அகலம்தான் இருக்கும், வெள்ளையில் லேசாக ரோஸ் கரைத்த மாதிரி ஒரு சின்னப் புனல். மேடம் வந்து பார்த்தார். "இதேதான், கவிதா அப்பா, இதேதான்" என்று சொல்லிவிட்டு அப்படியே வாளியில் உட்கார்ந்துவிட்டார். அவர் கண் கலங்கியதைப் பார்த்து எனக்கும் கலங்கியது.

அதிகாரி அந்த லாரியை ஓட்டிய டிரைவர் தேவராஜையும் சாட்சிக்கு அழைத்து வந்திருந்தார். தேவராஜ் திருமழிசைப் பக்கம், கலகலப்பான ஆள். மேடம் பேச வாயைத் திறப்பதற்குள் அவன் ட்ரேயைப் பார்த்துவிட்டான்.

"அடடே, இது இன்னா சார் இங்க கீது! அந்தப் பாய்ம்மா ஊட்டாண்ட மேடு பூரா இதானே பூத்துகினு இருந்திச்சி. அவங்க ஊட்டு ஆடு இத்தத் தின்னுட்டு..." என்று ஆரம்பித்தவன், அதிகாரியின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான்.

"எந்தப் பாய்ம்மா?" என்றார் அதிகாரி.

வேதாசலம் சார் குனிந்து, வழக்கம் போல ட்ரேயிடம் பேசினார். "நீயாவது சொல்லு. அந்த மேட்டுக்கு எதுக்குப் போனே?"

தேவராஜ் தலையைச் சொறிந்தான். ஒரு நிமிடம் பூவைப் பார்த்தான். அப்புறம் கொட்டிவிட்டான். "அந்தப் பாய்ம்மா ஊரு ரோட்லருந்து உள்ள கீது சார். நாலஞ்சு குடிசைதான். தண்ணி மோட்டாரு எரிஞ்சி போச்சி. புள்ளைங்க குடத்தத் தூக்கினு ரோட்டுக்கு வந்து நின்னுச்சிங்க. வண்டி சும்மாத்தானே கீது, லோடு ஏத்தி ஓட்டணும்னு தானே சொல்லிக்கிறாங்கோன்னு, ட்ரம்ல தண்ணி புடிச்சி மணல்மேடு ஏறி ஏறி எறங்கினேன். மோட்டாரு சரி பண்ற வரிக்கும் டெய்லி. ஒருநாளு வண்டி மூச்சி முட்டிச்சி. தப்புதான் சார். வேலையப் புடுங்கினாலும் புடுங்குங்க. ஆனா அந்தப் பொண்ணு பசைய ஒண்ணும் சொல்லாதீங்க. நாந்தான்."

அதிகாரி சட்டைக் காலரைத் தளர்த்திவிட்டுக்கொண்டு வெளியே போனார், திரும்பி வந்தார்.

"உங்க லாரி அடைச்ச மூக்கோட, தண்ணி சுமந்துக்கிட்டு, மணல்மேடு ஏறியிருக்கு" என்றார் வேதாசலம் சார். "இதை விட நல்ல சோதனைய நீங்க காசு குடுத்தாலும் வைக்க முடியாது. இந்தாள வேலைய விட்டு எடுத்தா நான் எங்க கம்பெனிக்குக் கேட்டு வாங்கிக்குவேன்."

அதிகாரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பாவம், அவரும் நல்ல பையன்தான். தேவராஜின் தோளில் ஒரு தட்டுத் தட்டி, "இனிமே எங்கயாவது எறங்கினா சொல்லிட்டு எறங்குய்யா" என்றார். ரிப்போர்ட்டில் அங்கேயே, பெயிண்ட் வாளி மேல் வைத்து, கையெழுத்துப் போட்டார்.

அதற்குப் பிறகு வேதாசலம் சார் செய்ததை அந்தக் கம்பெனியில் யாரும் அதற்கு முன் பார்த்ததில்லை. வெயில் ஏறிக்கொண்டிருந்தது, பூவின் ஓரம் லேசாக மடிய ஆரம்பித்திருந்தது. அவர் விறுவிறுவென்று பசைப் பிரிவுக்குள் போய், சிவப்புப் பட்டனை அமுக்கி, ஓடுகிற லைனை நிறுத்தினார். மெஷின் பழுதானாலொழிய நிற்காத லைன் அது. "எல்லாரும் வாங்க" என்றார். பேக்கிங்குக்கு அவரே நடந்து போய், அட்டைப்பெட்டிகளுக்கு நடுவில் இருந்த செல்வியைக் கூப்பிட்டார். அவளுக்கு என்ன ஏது என்று தெரியாது. முடிவு எதிராக வந்துவிட்டது, அதைச் சொல்லத்தான் கூப்பிடுகிறார் என்று நினைத்திருக்கிறாள். முகம் வெளுத்துப் போய்த்தான் வந்தாள்.

"உங்க மேல ஒண்ணும் இல்லைன்னு கையெழுத்தாயிடுச்சு, செல்வி" என்றார் சார். "இதால."

செல்வி கயிற்றைத் தாண்டிக் குனிந்தாள். இத்தனை மாதமும் அவள் அந்தக் கொட்டகைப் பக்கம் வரவே இல்லை. ஆசைப்பட்டுவிட்டு ஏமாற வேண்டாம் என்று இருந்திருப்பாள். லைன் பெண்கள் அத்தனை பேரும் அவள் பின்னால் எட்டிப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். அவள் பூவை இந்தப் பக்கம் பார்த்தாள், அந்தப் பக்கம் பார்த்தாள். ரேகை அழிந்த விரலால் அதன் ஓரத்தை ஒரு சுற்று தடவினாள். ஃபில்டர் ஒட்டி முடித்ததும் தட்டின் விளிம்பை அப்படித்தான் தடவிப் பார்ப்பாள்.

"அஞ்சு எதழு கீது சார். ஆனா எங்க ஒட்டி கீதுன்னே தெர்ல" என்றாள்.

வேதாசலம் சார் அவள் விரலைப் பார்த்தார். 'இருக்கட்டும்' என்பார் என்று நாங்கள் எதிர்பார்த்து நின்றோம்.

"நீங்க ஒட்டினதுலயும் தெரியாதும்மா" என்றார்.

பழி வந்த நாளிலிருந்து ஒரு சொட்டுக் கண்ணீர் விடாத செல்வி அப்போதுதான் அழுதாள். கொட்டகையே அதிரும்படி, சத்தமாக, கூச்சமில்லாமல் அழுதாள். அழுதுகொண்டே திரும்பிப் பெண்களைப் பார்த்து, "இன்னா நின்னுகினு பாக்கறீங்க? பசை காஞ்சிடும், வாங்கடி" என்று அதட்டிவிட்டு, பேக்கிங் பக்கம் போகாமல் நேராக லைனுக்கு நடந்தாள்.